ஈரலும் வால்கொழுப்பும்

மெய்ராம் பிறந்த ஊருக்குச் சினிமா லாரியில் வரும். கூட்டுப்பண்ணையின் கம்பளிக் கிடங்கில் வெள்ளைத் துணி கட்டி ஓட்டுவார்கள். ஓட்டுகிறவர் கொஞ்சம் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டால் ரீல்கள் முன்பின்னாக மாறிவிடும். செத்து மண்ணுக்குள் போன கதாநாயகன் அரைமணி கழித்துக் குதிரையில் வந்து நிற்பான். யாரும் குறை சொன்னதில்லை. "அப்பாடா, பொழைச்சுக்கிட்டான்" என்று கைதட்டுவார்கள். ஆறு வயது மெய்ராமுக்கு அந்தக் கைதட்டல் தலைக்கேறிவிட்டது. அன்றைக்குப் பிடித்தது, இன்றுவரை இறங்கவில்லை.

அல்மாத்தி நகரத்துக்குப் போய் இயக்குநர் படிப்புப் படித்தார். பட்டம் கைக்கு வந்த வருஷம் சோவியத் யூனியன் கலைந்துபோனது. "நான் படிச்சு முடிக்கிறவரைக்கும் பல்லைக் கடிச்சுக்கிட்டு நின்னுச்சு, பாவம்" என்பார். அதற்குப்பிறகு ஐம்பத்தைந்து வயதுவரை அவர் கையில் யாரும் ஒரு படத்தைக் கொடுக்கவில்லை.

சும்மா இருந்தார் என்று நினைக்கவேண்டாம். யாராவது சரித்திரப் படம் எடுத்தால் அதில் மெய்ராம்தான் இரண்டாம் இயக்குநர், அதாவது குதிரைகளுக்கு இயக்குநர். அறுநூறு பேர் ஈட்டியோடு குதிரைமேல் நிற்பார்கள். மெய்ராம் ஒலிபெருக்கியோடு மேட்டில் ஏறி, "கைக்கடிகாரத்தைக் கழட்டுங்கடா! கான் ராஜாக்கள் காலத்துல எவன்டா வாட்ச் கட்டினான்!" என்று தொண்டை கிழியக் கத்துவார். எத்தனை கத்தினாலும் ஒருத்தன் கட்டிக்கொண்டே வருவான். அந்த ஒருத்தன்தான் திரையில் முன்னால் தெரிவான்.

படம் இல்லாத மாதங்களில் கல்யாண வீடியோ. மொத்தம் நானூற்றுப் பன்னிரண்டு கல்யாணங்கள். மெய்ராம் கேமராவோடு ஓடுவார், மனைவி ரௌஷான் பின்னாலேயே விளக்கைத் தூக்கிக்கொண்டு ஓடுவார். அந்தத் தொழிலிலும் நல்ல பேர் வாங்கவில்லை. ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் அம்மா வாயைப் பிளந்து கொட்டாவி விட்டதை முழுசாக எடுத்து, வெட்டாமல் கொடுத்துவிட்டார். சண்டைக்கு வந்தார்கள். "அன்னிக்கு நடந்ததுலயே நிஜமானது அந்தக் கொட்டாவிதான்" என்று இவர் சொல்ல, சண்டை பெரிதானது.

கல்யாண வீட்டில் அவர்கள் உட்கார்ந்து சாப்பிட்டதே இல்லை. கடைசியில் யாராவது ஒரு பையில் கறியும் பொரித்த மாவுருண்டையும் போட்டுக் கொடுப்பார்கள். காரில் ஆறிப்போய்த் தின்பார்கள். அதோடு எல்லாக் கல்யாணத்திலும் ஒரு கிழவராவது கேட்பார்: "உங்க வீட்டுக் கல்யாணம் எப்போ? எங்களைக் கூப்பிடுவீங்கல்ல?" மெய்ராம், "பையன் இன்னும் வளரணும்" என்று சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவார். பையனே கிடையாது. பெண்ணும் கிடையாது. இருபது வருஷம் ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக அலைந்துவிட்டு, ஒருநாள் இரண்டுபேரும் அந்தப் பேச்சை எடுப்பதையே நிறுத்திவிட்டார்கள். 'இன்னும் வளரணும்' என்று அவர் சொல்லும்போதெல்லாம் விளக்கு லேசாக ஆடும். படத்தில் அது தெரியும். மெய்ராம் அதை மட்டும் வெட்டிவிடுவார்.

கடைசியில் படம் வந்தேவிட்டது. சொந்தக் கதை, சொந்தப் படம். இருபது நாள் படப்பிடிப்பு, வாடகைக் கேமரா, ஏழு பேர் கொண்ட குழு. நூறு வருஷத்துக்கு முந்தைய கதை: பகையாளிகளான இரண்டு அப்பன்கள், பெண்ணுக்கும் பையனுக்கும் கல்யாணம் பேசி, கடைசிக் காட்சியில் ஒரே தட்டிலிருந்து ஈரலும் வால்கொழுப்பும் ஊட்டிக்கொள்கிறார்கள். அவ்வளவுதான் கதை. அந்தக் காட்சி இல்லையென்றால் மீதி எல்லாம் புல்வெளியும் ஆடும்தான்.

ஈரலையும் வால்கொழுப்பையும் பற்றி ஒரு வார்த்தை. பெண் வீடும் பையன் வீடும் வாய்ப்பேச்சாக ஆயிரம் பேசலாம், மாற்றிக்கொள்ளலாம். ஆட்டின் ஈரலையும் வால்கொழுப்பையும் சேர்த்துவைத்து ஒருத்தருக்கொருத்தர் ஊட்டிவிட்டால் பேச்சு முடிந்தது. அந்த நிமிஷத்திலிருந்து சம்பந்திகள். விழுங்கினதைத் திருப்பி எடுக்க முடியாதில்லையா!

துயேதாஸ் என்ற ஊரில் மெய்ராம் தன் படத்துக்கான அப்பன்களைக் கண்டுபிடித்தார். பெக்தாஸ், ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார். சபர்கலி, குதிரை வளர்ப்பவர், கதவளவு அகலம். இருவருக்கும் பத்தொன்பது வருஷமாகப் பேச்சில்லை. ஒரு பந்தயத்தில் சபர்கலியின் குதிரை முதலில் வந்ததா இல்லையா என்பதில், நடுவராக நின்ற பெக்தாஸ் 'இல்லை' என்று சொன்னதுதான் காரணம். அவர்கள் கடைத்தெருவில் ஒருத்தரை ஒருத்தர் பார்க்காமல் நடந்துபோனதைப் பார்த்ததும் மெய்ராம் துள்ளிக் குதித்தார். அப்படிப் பார்க்காமலிருக்க எந்த நடிகனாலும் முடியாது. கேட்டதும் இருவரும் ஒத்துக்கொண்டார்கள். அவனைக் கேட்டு என்னைக் கேட்காமல் விடுவதா என்பது இவருக்கு, அவருக்கும் அதேதான். பெக்தாஸின் மகள் அக்சுலு மணப்பெண்ணாக நடித்தாள். சபர்கலியின் மகன் அஸ்கர் ஊருக்குத் தண்ணீர் லாரி ஓட்டுகிறவன். படப்பிடிப்புக்கு ஜெனரேட்டரை இழுத்து வந்தான்.

பத்தொன்பது நாள் வெண்ணெயாகப் போனது. இருபதாம் நாள், கடைசி நாள். சாயங்காலம் கேமராவைத் திருப்பி அனுப்பியாகவேண்டும். புல்வெளியில் அடித்த கம்பளிக் கூடாரத்துக்குள் நாற்பது பெண்கள், பெட்டியிலிருந்து எடுத்த வெல்வெட்டும் வெள்ளியுமாக உட்கார்ந்திருந்தார்கள். காலையில்தான் வெட்டிய ஆடு. தட்டு வந்தது, ஆவி பறந்தது. இலியாஸ், மெய்ராமோடு கல்லூரியில் படித்த கேமராக்காரர், குனிந்து ஒரு கண்ணை மூடினார்.

"ஆரம்பி!" என்றார் மெய்ராம்.

அப்பன்கள் இருவரும் வாயைத் தைத்ததுபோல மூடிக்கொண்டார்கள்.

"என்ன மாமா? ஊட்டுங்க!"

"நடிக்கத்தான் வந்தோம் தம்பி" என்றார் சபர்கலி. "திங்கணும்னு யார் சொன்னா?"

"கதையில திங்கறீங்கள்ல!"

"கதையில நல்லாத் தின்னுக்கறேன். வாயில வேணாம்."

பெக்தாஸ் கூடாரக் கம்பைப் பார்த்துச் சொன்னார்: "அந்த ஆளுகிட்டச் சொல்லுங்க, பத்தொன்பது வருஷத்துல முதல் தடவையா ஒரு சரியான வார்த்தை பேசியிருக்கார்."

"அவர்கிட்டச் சொல்லுங்க, அவர் சான்றிதழ் எனக்கு வேணாம்" என்றார் சபர்கலி அடுப்பைப் பார்த்து.

மெய்ராம் கெஞ்சினார், மிரட்டினார், மண்டி போட்டார். பதினொரு தடவை கேமரா ஓடியது, பதினொரு தடவையும் ஈரல் உதடுவரைக்கும் வந்து நின்றுவிட்டது. நடுப்பகல் தாண்டிவிட்டது. ரௌஷான் தேநீர்ப் பானையோடு வந்து காதில் சொன்னார்: "பீட்ரூட்டை வேகவெச்சு நறுக்கித் தரேன், கூட வெண்ணெயை வெச்சுடலாம். தூரத்துல எடுத்தா எவனுக்குத் தெரியப்போகுது?"

"எனக்குத் தெரியும். நானூத்திப் பன்னெண்டு கல்யாணம் எடுத்தவன். ஈரல் மெல்லுற வாய் வேற, பீட்ரூட் மெல்லுற வாய் வேற."

"இந்த வாயாலதான் முப்பது வருஷமா உங்களுக்குப் படம் கிடைக்கல."

மெய்ராமுக்குச் சுர்ரென்றது. விறுவிறுவென்று அப்பன்களுக்கு நடுவில் போய் உட்கார்ந்தார். "இங்க பாருங்க. இதுல என்ன இருக்கு? சாப்பாடு. வெறும் சாப்பாடு!" என்று ஒரு ஈரல் துண்டையும் ஒரு கொழுப்புத் துண்டையும் சேர்த்து எடுத்து, பெக்தாஸ் ஏதோ சொல்லத் திறந்த வாய்க்குள் திணித்தார். பெக்தாஸ் நல்ல வளர்ப்பு. ஊட்டின கைக்குத் திருப்பி ஊட்டாமல் இருக்க அவர் கைக்குத் தெரியாது. அது தானாகவே தட்டுக்குப் போய், எடுத்து, மெய்ராமின் வாயில் வைத்துவிட்டது. மெய்ராம் மென்றார், விழுங்கினார், இரண்டு கையையும் விரித்தார்.

"பாத்தீங்களா? ஒண்ணுமே ஆகல!"

நாற்பது பெண்களும் அவர் வாயையே பார்த்தார்கள்.

பெக்தாஸின் அக்கா பிபிஷ் எழுந்து நின்றார். பிபிஷ் எழுந்தால் பக்கத்தில் இருப்பவர்கள் தேநீர்க் கிண்ணங்களைக் கையில் எடுத்துக்கொள்வார்கள்; அவர் இடுப்புத் திரும்புகிற பக்கம் எதுவும் நிற்காது.

"என்னடி பாத்துக்கிட்டு உக்காந்திருக்கீங்க? சம்பந்தி ஆயிட்டாருடி! மாவை எடுங்க!"

சம்பந்தி வந்த அன்று பெண் வீட்டுப் பெண்களுக்கு எந்தச் சட்டமும் கிடையாது, அவரை என்ன கேலி வேண்டுமானாலும் செய்யலாம். நாற்பது பேரும் ஒரே நேரத்தில் எழுந்தார்கள். முதல் கை மாவு மெய்ராமின் முகத்தில், இரண்டாவது தலையில். யாரோ ஒரு பாவாடையை அவர் தலைவழியாக இறக்கினார்கள், இன்னொருத்தி முக்காடு கட்டினாள். "கட்! கட்!" என்று அவர் கத்தக் கத்த, பெண்கள் அதற்கேற்பக் கைதட்டிப் பாட ஆரம்பித்தார்கள். சம்பந்தியின் ஆள் என்பதால் இலியாஸுக்கும் ஒரு பாவாடை. அவரைக் கேமராவிலிருந்து பிய்த்தெடுத்துக் கழுதைமேல் வால் பக்கம் பார்க்க உட்காரவைத்து ஊர்வலம் விட்டார்கள். மெய்ராமை நாலு பேர் தூக்கி ஓடைக்குக் கொண்டுபோகக் கிளம்பினார்கள்.

"விடுங்கடி! எனக்குப் பிள்ளையே கிடையாது!"

பாட்டு நின்றது. தூக்கியவர்கள் மெல்ல அவரைத் தரையில் இறக்கினார்கள்.

"பையனும் இல்ல, பொண்ணும் இல்ல" என்றார் மெய்ராம். மாவு பூசிய முகத்தில் இரண்டு கண்கள் மட்டும் சிவந்து தெரிந்தன. "யாருக்குச் சம்பந்தி நான்?"

முப்பது வருஷத்தில் அதை அவர் வெளியே சொன்னது அன்றைக்குத்தான். பாவாடையும் முக்காடுமாக நின்று சொன்னார். ரௌஷான் பானையைக் கீழே வைக்க மறந்து நின்றார். வெட்கமா, துக்கமா, இத்தனை நாள் பொத்திவைத்தது போய்விட்டதே என்ற நிம்மதியா என்று அவருக்கே தெரியவில்லை.

பெக்தாஸ் தலையைக் குனிந்துகொண்டார். பிபிஷ் மாவுக் கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டே, "தின்னது தின்னதுதான்" என்றார், ஆனால் குரலில் சுருதி குறைந்திருந்தது.

அப்போது கூடாரத்து வாசலில் எண்ணெய்க் கையோடு அஸ்கர் வந்து நின்றான்.

"ஐயா, நான் இருக்கேன். எனக்கு அப்பாவா உக்காருங்க."

கல்யாணத்துக்கு இன்னொருவரை அப்பாவாக உட்காரவைப்பது அந்தப் பக்கத்தில் உள்ள வழக்கம்தான். உட்கார்ந்தவர் சாகிறவரைக்கும் அப்பாதான், பெற்ற அப்பா உயிரோடு இருந்தாலும் சரி. ஆனால் எல்லாரும் சபர்கலியைப் பார்த்தார்கள். சபர்கலி மகனைப் பார்த்தார், அக்சுலுவைப் பார்த்தார். மணப்பெண் தொப்பிக்குக் கீழே அவள் காதுமடல் சிவந்திருந்தது.

"எத்தனை நாளாடா?" என்றார்.

"மூணு வருஷமா" என்றாள் அக்சுலு, அவனை முந்திக்கொண்டு. "ஊருக்கே வாரத்துல ஒரு தடவை தண்ணி வருது, நம்ம வீட்டுக்கு மட்டும் நாலு தடவை வருது. அப்பா, நீங்க கணக்கு வாத்தியார் வேற!"

நாற்பது பெண்களும் குபீரென்று சிரித்தார்கள். ஊரில் தெரியாதவர்கள் அந்த இரண்டு அப்பன்கள் மட்டும்தான்.

சபர்கலி பிபிஷ் பக்கம் திரும்பினார். "அப்போ அந்த ஆளுக்குச் சம்பந்தி நான் இல்ல?"

"இல்ல" என்றார் பிபிஷ்.

"இவர்தான்?"

"இவர்தான்."

"அந்த ஆளோட நான் பேசவேண்டியதில்ல?"

"ஒரு வார்த்தை வேணாம்."

"அப்புறம் எனக்கென்ன! நடத்துங்க!" என்று தொடையைத் தட்டினார் சபர்கலி. இத்தனை சுலபமாக எந்தப் பகையும் தப்பித்ததில்லை.

ரௌஷானைப் பிடித்து இழுத்து வந்து மெய்ராம் பக்கத்தில் உட்காரவைத்தார்கள். பையனின் அம்மா பெண்ணுக்குத் தோடு போடவேண்டும். தோட்டுக்கு எங்கே போவது? ரௌஷான் தன் காதிலிருந்ததைக் கழற்றினார். அவருடைய மாமியார் போட்ட வெள்ளித் தோடு. கொக்கி துளைக்குள் நுழையாமல் வழுக்கிக்கொண்டே போனது. அக்சுலு தானாகவே தலையைச் சாய்த்துக் காதைக் காட்டினாள், "மெதுவா அத்தை, அவசரமில்ல" என்றாள். அத்தை என்ற வார்த்தையைக் கேட்டதும் ரௌஷான் ஓவென்று அழுதுவிட்டார். அழுதுகொண்டே சிரித்தார். பிபிஷ் கைநிறைய மிட்டாயை அள்ளிக் கூரைவரை வீசினார். மிட்டாய்க்கு விழுந்து புரண்டதில் கிழவிகளும் உண்டு.

அதற்கப்புறம் யாருக்கும் சினிமா நினைவில்லை. சம்பந்தி மரியாதையாக வேக வைத்த ஆட்டுத் தலையைக் கொண்டுவந்து மெய்ராம் முன்னால் வைத்தார்கள். வாசலுக்கு எதிரே முதல் விருந்தாளிக்கென்று உள்ள பெரிய இடத்தில், பாவாடையோடு உட்கார்ந்து அவர் கன்னத்துக் கறியை அறுத்து எல்லோருக்கும் பங்கு வைத்தார். சூடான கறி! கல்யாணச் சாப்பாடு சூடாக இருக்கும் என்பதே அவருக்குப் புதுசு. அஸ்கர் வந்து குனிந்தான். அவன் தலைக்குமேல் கையை ஏந்தி ஆசி சொன்னார். குதிரைப்பால் கிண்ணம் வந்துகொண்டே இருந்தது. மற்ற ஊர்க்காரர்கள் வண்டி வண்டியாக வந்து இறங்கினார்கள்.

வாசல் பக்கம் ஒரு மனிதர் மட்டும், கடைசி விருந்தாளிக்குத் தருகிற கழுத்தெலும்பைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அது சபர்கலி. எலும்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பெரிய இடத்தைப் பார்த்தார். தன் பையன் இன்னொருவருக்குக் குதிரைப்பால் ஊற்றுவதைப் பார்த்தார். பெக்தாஸ் மெய்ராமின் தோளில் கைபோட்டு, "சம்பந்தி, சம்பந்தி" என்று குழைவதைப் பார்த்தார். எலும்பு கையிலிருந்து விழுந்தது. எழுந்தார்.

நேராக வந்து, மெய்ராமைத் தாண்டி, தட்டிலிருந்த மீதி ஈரலையும் கொழுப்பையும் ஒரே பிடியாக அள்ளினார்.

"பையன் என்னோடது. ஈரலை மட்டும் ஊரான் திங்கறதா?" என்று பெக்தாஸின் வாயில் அடைத்தார். "குதிரை முதல்ல வந்துச்சு! சொல்லு!"

பெக்தாஸால் பேச முடியவில்லை. தலையை மட்டும் ஆட்டினார்.

"வாயால சொல்லு!"

"வந்துச்சு" என்றார் பெக்தாஸ், கொழுப்பு வழிய. "ஒரு மூக்கு நீளம்."

"ஒண்ணரை!"

"ஒண்ணேகால். அதுக்கு மேல மனசாட்சி விடாது" என்று கணக்கு வாத்தியார் தன் கையால் ஒரு பிடி எடுத்து சபர்கலிக்கு ஊட்டினார். இருவரும் மென்றார்கள். மெல்லும்போதே இருவர் கண்ணிலும் தண்ணீர். அப்படியே கட்டிப்பிடித்துக்கொண்டு இரண்டு கிழ எருதுகள் மாதிரி நின்ற இடத்தில் ஆடினார்கள்.

அதுதான் காட்சி. மெய்ராம் முப்பது வருஷம் காத்திருந்த காட்சி. கேமரா ஆறு அடி தூரத்தில் தனியாக நின்றது. இலியாஸ் வெளியே பாவாடையில் ஆடிக்கொண்டிருந்தார். ஓடலாம். நானூற்றுப் பன்னிரண்டு கல்யாணத்திலும் ஓடித்தான் இருக்கிறார். கால் ஒருதடவை துடித்தது. பெக்தாஸும் சபர்கலியும் ஆளுக்கொரு கையால் அவரையும் இழுத்துக்கொண்டார்கள். அவர் ஓடவில்லை.

சாயங்காலம் எல்லாவற்றையும் கட்டி வண்டியில் ஏற்றினார்கள். இன்னொரு தடவை எடுக்கலாமா என்று இலியாஸ் கேட்டதற்கு, "ஏற்கனவே தின்னாச்சே" என்றார் மெய்ராம். வண்டி கிளம்பி வெகுநேரம் கழித்துத் தலையில் கைவைத்துக்கொண்டார். "ரௌஷான், படம் போச்சு."

"முப்பது வருஷத்துல விளக்குப் பிடிக்காம நான் பாத்த முதல் கல்யாணம் இது" என்றார் ரௌஷான். "பேசாம வாங்க."

மூன்று வாரம் கழித்து அல்மாத்தியில் எடிட்டிங் அறையில் உட்கார்ந்து, இருக்கிற புல்வெளியையும் ஆட்டையும் வைத்து என்ன செய்வது என்று புரட்டிக்கொண்டிருந்தார்கள். பன்னிரண்டாவது டேக் என்று ஒன்று வந்தது. பன்னிரண்டாவது எடுக்கவே இல்லையே! மெய்ராம் ஈரலைத் திணித்தபோது இலியாஸ் தானாகவே ஓட்டிவிட்ட கேமராவை, அவரைக் கழுதைக்கு இழுத்துப்போன அவசரத்தில் யாரும் அணைக்கவில்லை. அதோடு பிபிஷின் இடுப்பு எப்போதோ அதை ஒரு இடி இடித்திருக்கிறது. கேமரா திரும்பி, பெரிய இடத்தில் உட்கார்ந்திருக்கும் ஒரே ஒரு ஆளைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறது.

அப்பன்கள் இருவரும் திரையில் இல்லவே இல்லை. "குதிரை முதல்ல வந்துச்சு" என்ற குரல் கேட்கிறது, மெல்லும் சத்தம் கேட்கிறது, அவ்வளவுதான். தெரிவதெல்லாம் மாவு பூசின ஒரு முகம். அது முதலில் திகைக்கிறது. பிறகு கண் கேமரா பக்கம் ஓடுகிறது. பிறகு திரும்பி வருகிறது. அப்புறம் அந்த முகம் சிரிக்கிற சிரிப்பை இலியாஸ் இத்தனை வருஷ நட்பில் பார்த்ததில்லை. இரண்டு கைகள் நுழைந்து அந்த ஆளைத் திரையைவிட்டே இழுத்துக்கொண்டு போகின்றன. போகிற போக்கில் மணிக்கட்டில் பளிச்சென்று ஒரு கைக்கடிகாரம்.

"வாட்ச்!" என்று அலறினார் மெய்ராம். "நூறு வருஷத்துக்கு முந்தின கதைடா!"

"வெட்டிடலாமா?" என்றார் இலியாஸ்.

மெய்ராம் நாலு தடவை ஓட்டிப் பார்த்தார். பிறகு எழுந்துபோய் ஜன்னலைத் திறந்துவிட்டு, "ஒரு நொடிகூட வெட்டாத" என்றார்.

இலையுதிர் காலத்தில் துயேதாஸில் நிஜக் கல்யாணம் நடந்தது. பையன் வீட்டுப் பக்கம் இரண்டு அப்பா, இரண்டு அம்மா. வீடியோ எடுக்க வந்த ஆளை மெய்ராம் கையைப் பிடித்து இழுத்துவந்து உட்காரவைத்து, முதலில் சாப்பாடு போட்டார்.

குளிர்காலத்தில் அல்மாத்தியில் ஒரு சின்னத் திரைப்பட விழாவில் படம் ஓடியது. கடைசிக் காட்சி முடிந்து விளக்கு வந்ததும், ரௌஷானுக்குப் பக்கத்தில் இருந்த ஒரு கல்லூரிப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள்.

"ஆன்ட்டி, கடைசியில வந்த அந்த மாவு முகத்துக்காரர் யாரு? அதுக்கு முன்னாடி படத்துலயே வரலையே. கையில வாட்ச் வேற கட்டியிருக்கார்!"

முன் வரிசையில் மெய்ராம் கைதட்டலுக்கு எழுந்து எந்தப் பக்கம் வணங்குவது என்று தெரியாமல் சுற்றிக்கொண்டிருந்தார். ரௌஷான் அவரைப் பார்த்தார். காலியான காதுமடலை ஒருதடவை தொட்டுக்கொண்டார்.

"அன்னிக்கு அவருக்குக் கழட்ட நேரமில்லம்மா" என்றார். "அவர் மாப்பிள்ளையோட அப்பா."